உருப்படி எண் 214

பூட்டு திறக்கவில்லை.
சந்தியாகு மூன்று சாவி ராவிப் பார்த்தார்,
எண்ணெய் விட்டார், கடைசியில்
கதவை விட்டுவிட்டுக் கொண்டியை அறுத்தார்.
பதினொரு பங்காளிகள் வளவில் நின்றார்கள்.
மீதி இருபதில் ஆறு பேர் காலமானவர்கள்;
வாரிசுகளைச் சேர்க்கும் மனு நிலுவையில் இருக்கிறது.

நான் கமிஷனர். காரைக்குடி கோர்ட் அனுப்பியவள்.
எண்ணுவது மட்டும் என் வேலை.
யாருடையது என்று சொல்வதல்ல.

முதலில் வெளியே வந்தது காற்று,
எழுபது வருஷத்துக் காற்று,
வௌவால் எச்சமும் வசம்பும் கலந்து.
"பாத்து, சாபம் கீபம் இருக்கப்போவுது" என்றது ஒரு குரல்.
சிரித்தார்கள். ஆனாலும் நிலைப்படியை மிதிக்க
ஒருவரும் முன்வரவில்லை.
செல்போன் வெளிச்சத்தில் நான்தான் போனேன்.

பித்தளை அண்டா நான்கு.
விளிம்பில் வெட்டியிருந்தது: சித.வீர.பெ.
கரண்டியில் அதே எழுத்து,
காது உடைந்த தூக்குச்சட்டியில்,
எச்சில் படிக்கத்தில்கூட.
இத்தனை முறை தன் பெயரை வெட்டியவருக்கு
மறதியைப் பற்றி ஏதோ முன்பே தெரிந்திருக்கிறது.

பிறகு எனாமல் அடுக்குக்குள்,
வைக்கோலுக்கு நடுவே, ஒரு பொம்மை.
சாண் உயரம். நீலம். மார்பில் கைகட்டி,
இரண்டு காலும் துணி சுற்றி ஒரே காலாகி.
இடுப்புக்குக் கீழே
பறவை, கண், அலை, மறுபடியும் பறவை.

சாத்தப்பன் துள்ளிவிட்டார்.
பாங்கில் முப்பது வருஷம் ஊரார் கணக்கு எழுதி
இப்போது மூழ்கிய கண்டத்துக்குக் கணக்கு எழுதுகிறவர்.
"குமரி முழுகினப்ப ஒரு கப்பல் மேக்க போச்சு, சொன்னேனா?
செத்த ராசா மூக்குல அடைச்சது யார் மிளகு? நம்ம மிளகு!"

மிளகு உண்மை. கப்பலை நான் எந்தப் பத்தியில் எழுத?

ஈப்போவிலிருந்து வந்திருந்த உண்ணாமலை
பொம்மையை வாங்கிக் குப்புறக் கவிழ்த்தார்.
அடியில் பென்சிலில், நல்ல தமிழ்க் கையெழுத்தில்:
போர்ட் சையது. 4 ஷில்லிங்.
"கப்பலடியில கூவி விக்கிறது. போலி" என்றார்.
அதோடு பொம்மைக்குப் பங்கு கேட்க ஆள் இல்லை.

ஆனால் போலிக்கும் ஒரு வேலை உண்டு.
அங்கே, மறு உலகத்தில்,
வயலுக்கு மணல் சுமக்கச் செத்தவனைக் கூப்பிடுவார்களாம்.
அப்போது இந்தப் பொம்மை எழுந்து
உள்ளேன் ஐயா என்று சொல்ல வேண்டும்.
ஒரு ராஜாவுக்கு நானூறு பொம்மை.
பத்துக்கு ஒரு கங்காணிப் பொம்மை.
சாத்தப்பன் அறியாத மர்மம் இதுதான்:
செத்த பிறகும் அவர்களுக்கு
ஒரு அடுத்தாள் தேவைப்பட்டது.

புகாரைக் கடல் கொண்டதால் இங்கே வந்தோம் என்பார்கள்.
ஊர் பெயரோ பள்ளத்தூர்.
கடல், பஸ்ஸில் ஒன்றரை மணி நேரம்.
இருந்தும் இந்த வாசலுக்கு ஏழு படி;
வராத அலைக்காக
இன்னும் ஈரம் படாமல் காத்திருக்கின்றன.

மாலையில் பெயர்ப் பட்டியல் வாசித்தேன்.
இருந்தவர்கள் இருக்கேன் என்றார்கள்.
இல்லாதவர்களுக்கு யாரோ ஒருவர்
காலமாயிட்டாக என்று சொன்னார்.
பதினேழாவது பெயர் தேனப்பன்.
நாற்பத்திரண்டில் மோல்மேனிலிருந்து நடக்கத் தொடங்கியவர்.
இருப்பிடம் தெரியவில்லை என்கிறது மனு.

தேனப்பன்?

காலமாயிட்டாக என்று சொல்லவும்
யாருக்கும் வாய் வரவில்லை.
மேசை மேல் கைகட்டி நின்றது நீலம்.
இரண்டாம் முறையும் கூப்பிட்டேன்,
விதி அப்படி.

எழுதினேன்: உருப்படி 214.
பொம்மை ஒன்று. மதிப்பு இல்லை.
ஆஜரானவர்கள் என்ற இடத்தில்
பதினொன்று என்று எழுதி,
பன்னிரண்டு என்று திருத்தி,
கோர்ட்டில் விளக்கம் கேட்பார்களே என்று
மறுபடி பதினொன்று ஆக்கி,
திருத்தலுக்குப் பக்கத்தில்
சுருக்கொப்பம் போட்டேன்.