இரைச்சலை நீக்கு

குருமண்வெளித் துறையில்
பாதை வர இருபது நிமிசம் பிந்தியது.
(எங்கள் பக்கம் பாதை என்றால் தெருவில்லை,
வாவியில் மிதந்து வரும் இரும்புத் தட்டு.)
என் மோட்டார் சைக்கிளோடு ஒரு ஆட்டோ,
இரண்டு ஆசிரியைகள்,
ஐஸ் பெட்டியோடு ஒரு மீன்காரர்.
என் பைக்குள் கெமரா, மைக், நான்கு பற்றரி,
ஏற்கெனவே எழுதி முடித்த ஒரு வசனம்:
இயந்திரம் இவர்களின் கைகளைப் பறித்தது.
அதைச் சொல்ல ஒரு முகம்தான் குறைச்சல்.

மண்டூருக்கு அப்பால், வட்டைக்குள்
வெட்டு மெசின் இறங்கியிருந்தது.
ஏக்கருக்கு ஒரு மணித்தியாலம்.
முன்பென்றால் பதினெட்டுப் பெண்கள், ஒரு பகல்.
சங்கிலிச் சுவட்டில் பூச்சி தேடிக் கொக்குகள்.

சுகிர்தமலர் வரம்பில் நின்றாள்.
பதினாறு வயசில் தாக்கத்தி பிடித்தவள்.
இடது சுண்டுவிரலில் நகமில்லை.
கிட்டக் காட்டச் சொன்னேன், காட்டினாள்.
மற்றக் கையில் போன் அடித்தது.
"ஓம் போடியார், விடிய உங்கட நாலேக்கர்,
மறுகாதான் வெல்லாவெளி. பிந்தாது."
வைத்துவிட்டுச் சொன்னாள்:
"மெசினுக்கு வயல் புடிச்சுக் குடுக்கிறது நான்தான் கா.
ஏக்கருக்கு முந்நூறு."

கெமரா ஓடிக்கொண்டிருந்தது.
வந்த முகம் வசனத்துக்குள் நுழையவில்லை.

உன்னோடு வெட்டியவர்கள்?
"ரெண்டு பேர் கட்டாருக்கு.
அஞ்சு பேர் கார்மென்ட்ஸ் பஸ்ஸில.
மத்தவங்க கோயிலில கண்டாலும்
முகத்தத் திருப்புவாங்க.
இதையும் போடுவியா?"

பிறகு, உனக்கு இதுதான் தொழிலா என்றாள்.
இல்லை, கலியாண வீடியோ எடுத்தேன்,
பன்னிரண்டு வருசம்.
இப்போது மாப்பிள்ளையின் கூட்டாளிகளே
போனில் எடுத்து, பாட்டுப் போட்டு,
பந்தி முடியமுன்
அனுப்பிவிடுகிறார்கள்.
"அப்ப உன்னையும் வெட்டித்தான் கிடக்கு."
மெசின்காரப் பொடியன் டிலக்‌ஷனும்
காதுக்குள்ளிருந்ததைக் கழற்றிவிட்டுச் சிரித்தான்.
அவனுக்கு லீசிங் இன்னும் முப்பத்தொரு மாதம்.
என் கெமராவுக்குப் பதினொன்று.

களுவாஞ்சிக்குடி அறையில், இரவு.
எடிட்டிங் மென்பொருளில் புதிதாக ஒரு பொத்தான்:
இரைச்சலை நீக்கு.
அமத்தினேன்.
மெசின் செத்தது. காற்றுச் செத்தது.
எங்கேயோ கத்திய ஆள்காட்டியும்.
யாருமே அறுக்காத ஒரு வயலில்
சுகிர்தமலர் தனியே நின்று
ஏக்கருக்கு முந்நூறு என்றாள்,
பொலிஸில் வாக்குமூலம் கொடுப்பவள் போல.

அவள் அப்படிச் சொல்லவில்லை.
சத்தத்துக்கு மேலால் கத்தியவள்,
வாய்க்குள் தூசு போய்
பாதியில் இருமியவள்.

எல்லாவற்றையும் திரும்பப் போட்டேன்.
இப்போது அவள் பேச்சில் பாதிதான் விளங்குகிறது.
கீழே எழுத்துப் போடலாம்.
போடவில்லை, இன்னும்.

நேற்று ஒரு குரல் செய்தி:
"படம் முடிஞ்சுதா? சிறுபோகத்துக்கு வா கா.
இந்த முறை முந்நூற்றம்பது.
மறுகா, அந்த விரலக் காட்டுற இடம்,
அத மட்டும் வெட்டிரு."