அடுத்து எடுப்பவருக்கு

இந்தப் புத்தகத்தை எனக்குப்பின் எடுப்பவரே,
முதல் பக்கத்தில் தொடங்காதீர்கள்.
நான் தொடங்கினேன். மூன்று முறை.
மூன்று முறையும் ஏழாம் பக்கத்தின்மேல்
காபிக் கோப்பையை வைத்துவிட்டு எழுந்துபோனேன்;
அந்த வட்டக் கறை என்னுடையதுதான்,
அபராதம் கட்டியாயிற்று.

ஹார்லிங்கனில் கால்வாய் கடலைத் தொடும் இடத்தில்
மதகு திறந்து மூடுகிற வேலை எனக்கு. இரவு முறை.
சரளைக்கல் ஏற்றிய படகு வந்தால் பச்சை விளக்கு,
வராவிட்டால் அவரும் நானும்.

அவரைப் பற்றிப் பின்னட்டை சொல்வது:
பகுத்தறிவாளர். முந்நூற்றைம்பது ஆண்டுக்கு முந்தியவர்.
கடவுளையும் கோபத்தையும்
முக்கோணத்தைப்போல நிறுவ முயன்றவர்.
கடினமானவர் என்று சேர்க்க
அட்டையில் இடம் போதவில்லை போலும்.

நூலகத்துப் பௌக்யேதான் வழி சொன்னாள்,
திரையிலிருந்து தலையெடுக்காமல்:
"கடிதங்கள் வழியாகப் போ.
முன்வாசல் பூட்டியிருந்தால் வேறென்ன செய்வாய்?"

ஆகவே பக்கம் இருநூற்றுப் பதினொன்று.
அங்கே அவருக்குச் சளி.
யாரோ ஒரு சாயப்பட்டறைக்காரர்
தீமை எங்கிருந்து வருகிறது என்று கேட்டிருக்கிறார்.
அதற்குப் பதில் நாலே வரி. மிச்சமெல்லாம்
பாலாடைக்கட்டி வந்துசேர்ந்தது,
ஒரு மூலையை எலி தின்றிருந்தது,
படகுக்கூலியை யார் தருவது என்ற விசாரம்.
அந்த எலிக்குப் பிறகு
எனக்கு அவரிடம் பயமில்லை.

நிரூபணங்களுக்குப் பிறகு வாருங்கள்.
பத்தொன்பதாம் கூற்று பதினொன்றைப் பார் என்கிறது,
பதினொன்று நாலைப் பார் என்கிறது,
நாலு, நகராட்சி அலுவலகம்போல,
மூன்றாம் வரையறையிடம் அனுப்பிவைக்கிறது.
ஐந்து விரலையும் ஐந்து பக்கத்தில் செருகிக்கொண்டு
கடைசிப் படிவரை இறங்கிப் போனால்
அங்கே அவர் தனியாக நிற்கிறார்:
இச்சொல்லால் நான் கொள்ளும் பொருள் இது.
அவ்வளவுதான்.
இத்தனை மாடியும்
ஒரு மனிதர் 'நான்' என்று சொன்னதன்மேல்.
ஏமாந்துபோனேன். அன்று நாலரை மணிக்கு வந்த படகு
மூன்று முறை ஒலியெழுப்ப வேண்டியிருந்தது.

மதகுக் கதவு பற்றி ஒன்று சொல்ல வேண்டும்.
இருபுறமும் நீர் ஒரே மட்டத்துக்கு வராதவரை
எந்த மோட்டாரும் அதை அசைக்காது.
மட்டம் சேர்ந்தபின் ஒரு பொத்தான், ஒரு விரல்.
படகோட்டிகள் கத்துவார்கள். நீருக்குக் காது கிடையாது.
முதல் மூன்று முறை நானும்
படகில் நின்றுதான் கத்தியிருக்கிறேன்.

சோகம் பற்றிய பகுதியில் தம்பி நினைவு வந்தது.
வீப்ரன். படகை விற்ற பணத்தில் தகராறு,
இரண்டு வருடமாகப் பேச்சில்லை.
ஒருவன் செய்த காரியத்தை
அவன் வந்த வழி முழுவதும் சேர்ந்து செய்தது என்கிறார் இவர்;
வழி தெரிந்தால் கோபத்துக்கு நிற்க இடமிருக்காதாம்.
சரி என்று காரணங்களை
பழைய பதிவேட்டின் பின்பக்கம் எழுதினேன்.
பதினான்கு வந்தது. ஒன்பது என்னுடையவை.

கோபம் போகவில்லை.
பிழை அவர் நிரூபணத்திலா என் கூட்டலிலா,
இன்னும் தெரியாது.
ஆனால் பத்தாவதை எழுதியபோது
ஒரு தொகை விடுபட்டிருந்தது. விடிந்ததும் அவனை அழைத்தேன்:
அந்த டீசல் எஞ்சினுக்கு எவ்வளவு தந்தார்கள்?
"எண்ணூறு" என்றான். "ஏன்?"
"சும்மா. கணக்குக்கு."
அவன் பக்கம் ஏதோ கொதிக்கும் சத்தம்.
கொஞ்ச நேரம் இருவரும்
அதைக் கேட்டுக்கொண்டிருந்தோம்.

மற்றவை:
முன்னுரையை விட்டுவிடலாம், அந்தப் பேராசிரியர்
வேறு யாருடனோ சண்டையில் இருக்கிறார்.
பிற்பகுதியில் இரண்டு தாள் ஒட்டிக்கொண்டிருக்கும்,
கத்தியால் பிரிக்காதீர்கள், மூச்சுவிட்டால் போதும்.
எண்பத்திரண்டாம் பக்க ஓரத்தில் பென்சிலில்
'இல்லை' என்று எழுதியது நானல்ல.
அதன் கீழே 'ஏன் இல்லை?' என்பது நான்.
இன்னொரு வரிக்கு
அங்கே இடம் இருக்கிறது.