ஓட்டைக்கு நாலு பாயிண்ட்

துணியில் ஓட்டை என்றால் நாலு பாயிண்ட்.
பதினோரு வருஷமாய் அதுதான் என் சோறு.
மேசைக்கு அடியில் டியூப்லைட் எரிய
மேலே ஓடும் பனியன் துணியில்
ஊசிமுனை அளவு என்றாலும் விடமாட்டேன்.
சிவப்பு ஸ்டிக்கர், ஓர் அம்புக்குறி.
செக்கிங் துளசிமணி என்றால்
திருப்பூரில் பாதி நிட்டிங்காரர்களுக்கு
வயிற்றைக் கலக்கும்.

போர்ச்சுகல் பையரோடு வந்தவன்
மதியம் தன் டப்பாவிலிருந்து ஒரு துண்டு ரொட்டி நீட்டினான்.
கருகிய ஓரம், லேசாய்ப் புளிப்பு வாசம்.
பழக்கதோஷம்,
ஜன்னலுக்கு நேரே தூக்கிப் பிடித்தேன்.
உள்ளே முழுக்க ஓட்டை.
"ரிஜெக்ட்" என்றேன்.
புரை ஏறும்வரை சிரித்தான்.
"அக்கா, அந்த ஓட்டைக்குத்தான் விலையாம்" என்றாள்
மெர்ச்சண்டைசர் பெண்.

ஓட்டைக்கு விலை.
ராத்திரி புரண்டு புரண்டு படுத்தேன்.

பழைய பூஸ்ட் பாட்டிலில்
கோதுமை மாவும் ஒரு கரண்டிக் கம்பு மாவும் குழைத்து வைத்தேன்.
நல்ல தண்ணி எட்டு நாளைக்கு ஒருக்கா.
போர் தண்ணியில் கரைத்த முதல் பாட்டில்
உப்பில் அப்படியே கிடந்து நாறியது.
இரண்டாவதற்குக் கேன் தண்ணி,
நான் குடிப்பதிலிருந்து.
மூன்றாம் நாள் பொங்கி மூடியைத் தள்ளியது.
நான்காம் நாள் மூச்சில்லை.
வீட்டுக்காரம்மா மேலே ஏறி வந்து
"ஏனுங் மணி, என்னமோ ஊசிப்போன வாடை அடிக்குது" என்றார்.
"வேற எங்கயோ இருந்துங்" என்றேன்,
பாட்டிலை முந்தானையால் மறைத்துக்கொண்டு.

ஆறாம் நாள் வெடியால
கண்ணாடி நெடுக ஓட்டை, ஓட்டை, ஓட்டை.
ஸ்டிக்கரைத் தேடி
கை தானாக இடுப்புக்குப் போனது.

சம்பளச் சனிக்கிழமை பொழுதோட பிசைந்தேன்.
அரை மணிக்கு ஒரு தடவை இழுத்து மடித்து
ஒரு பிடி மாவை விரல்களில் விரித்து
டியூப்லைட்டில் காட்டினேன்.
நூற்றிருபது ஜிஎஸ்எம் இருக்கும்.
வெளிச்சம் வந்தது, கிழியவில்லை.
மூங்கில் கூடையில்,
சைஸ் தப்பி ஒதுக்கிய ஒரு பனியனை விரித்து
அதன்மேல் தூங்க வைத்தேன்.

ஞாயிறு காலை
நூல் வெட்டும் ட்ரிம்மரால் முதுகில் ஒரு கீறல்.
சீட்டுப் பணத்தில் வாங்கிய ஓவனுக்குள்
இரும்புச் சட்டி காய்ந்து காத்திருந்தது.
உள்ளே போய் இருபதாவது நிமிஷம் கரண்ட் போயிற்று.
வாய் வரை வந்த கெட்ட வார்த்தையை விழுங்கி
ஓவன் கதவில் முதுகைச் சாய்த்து உட்கார்ந்தேன்,
சூடு என்னைத் தாண்டிப் போகாதது போல.
பதினோரு நிமிஷம்.

ஒரு பக்கம் சரிந்து, ஒரு பக்கம் வெடித்து
வந்தது அது.
ஆறும்போது சடசடவென்று தனக்குள் பேசியது.

பக்கத்து போர்ஷன் கருணாகர்,
ஒடிசாக்காரன், நிட்டிங் ஆபரேட்டர்.
என் அம்புக்குறிகளால் போன மாசம்
இரண்டு வாரம் சம்பளத்தில் பிடித்தார்கள் அவனுக்கு.
கதவைத் தட்டி ஒரு துண்டு கொடுத்தேன்.
அவன் கடிக்கவில்லை.
வாசலில் வெயிலுக்கு நேரே தூக்கிப் பிடித்தான்.
அரைகுறைத் தமிழில் எண்ணினான்:
"நாலு... எட்டு... பன்னண்டு... பதினாறு..."
நூறு தாண்டியும் நிறுத்தவில்லை.
சிரிக்கிறானா என்று தெரியவில்லை,
முகத்தில் ரொட்டியின் நிழல்.

பிறகு பருப்பில் தோய்த்துத் தின்றான்.
"உப்பு கம்மி" என்றான்.
இன்னொரு துண்டு கேட்டான்.

திங்கட்கிழமை
முதல் ரோலில் நாற்பதாவது மீட்டரில் ஓட்டை.
எந்த மிஷின் என்று பார்க்காமல்
ஸ்டிக்கர் ஒட்டினேன்.
ஒட்டாமல் என்ன செய்ய?
பிறகு பார்த்தேன், எந்த மிஷின் என்று.

பாட்டிலுக்கு மாவு போடாமல் வந்துவிட்டது
மதியம்தான் நினைவுக்கு வந்தது.