மூன்றாவது முகவரி

ஒரே ஆட்டத்தை மூன்று இடத்துக்கு அனுப்புகிறான் தம்பி.
ஒன்று ஊருக்கு: நேரலை, அறுபது எழுபது பேர்.
ஒன்று வட்டுக்கு: நடுவர்கள் கேட்டால் காட்ட.
மூன்றாவது, கைப்பேசி இணைப்பில், எனக்கு.
"சோதித்துப் பார்க்க ஒரு முகவரி வேண்டியிருந்தது,
தப்பா நினைக்காதே, ஔத்ரா."
நினைக்கவில்லை.

அவன் கிளைபேதாவில், துறைமுகத்துக்குப் பின்னால், நான்காம் மாடி.
நான் நார்வேயில், ஒரு தீவில்,
சால்மன் ஆலையின் இரவு முறையில்.
இரண்டே காலுக்கு இருபது நிமிட இடைவேளை.
கையுறையைக் கழற்றினாலும் விரலில் மீன் இருக்கும்.
கைப்பேசிக்கு அந்த விரல் யாருடையது என்று தெரியாது;
எண்களைத் தட்டித்தான்
தம்பியைத் திறக்க வேண்டும்.

பழைய ஆட்டம்.
மஞ்சள் கோட்டுக்காரன் ஒருவன் கலங்கரை விளக்கத்தில் ஏறுகிறான்.
எங்கே இருந்து வந்தான், எனக்குத் தெரியாது;
நான் பார்ப்பது எப்போதும் கடைசி இருபது நிமிடம்.
நாற்பத்தொரு நிமிடம் பதினெட்டு வினாடி:
பிரேசில்காரன் ஒருவன் வைத்திருக்கும் சாதனை.
முப்பத்தெட்டாம் நிமிடத்தில் ஒரு கதவு.
கைத்திறமைக்கு அது திறக்காது.
அறுபத்துநான்கில் ஒரு முறை, தன் இஷ்டத்துக்கு.
மற்றபடி கோட்டுக்காரன் தட்டிக்கொண்டே நிற்பான்,
வாடகை வசூலிக்க வந்தவன் மாதிரி.

ஊருக்குப் போகும் ஓடையில் தம்பி பேசுவதில்லை.
வட்டுக்கும் ஒலிவாங்கி கிடையாது.
எனக்கு வருவதில் மட்டும்
அதை அணைக்க மறந்திருந்தான்.
நானும் சொல்லவில்லை.
நாற்காலியின் கிறீச்,
ஹீட்டரின் முனகல்,
மூக்குறிஞ்சல்.
ரொட்டியைக் கடித்தபடி கேட்டுக்கொண்டிருப்பேன்.

அந்த வியாழக்கிழமை அங்கே புயல்.
கதவு வந்தது.
ப்ரஷாவ், என்றான்.
கேட்கிறேன் என்று பொருள்.
ரொட்டிக்கடையில் சில்லறையை நீட்டுகிறவளும் சொல்வாள்.
ப்ரஷாவ். ப்ரஷாவ். ப்ரஷாவ்,
கண்ணாடிக்குள் இருக்கும் மரக்கதவிடம்,
குரல் உடைந்து.

கப்பல் பட்டறை ஆட்குறைப்பில் பெயர் வந்தபோது
கையெழுத்துப் போட்டுவிட்டு நடந்து வந்தவன்.
ஜிவிலே பெட்டிகளைக் கட்டியபோது
ஒட்டுநாடாவைத் தேடி எடுத்துக் கொடுத்தவன்.
வைதோதாஸுக்குக் கெஞ்சத் தெரியாது என்று
அம்மா பெருமையாகவும் சொல்வாள், அழுதுகொண்டும் சொல்வாள்.

கதவு திறந்தது.

நாற்பத்தொன்று பதினாறு.
மேற்பார்வையாளன் ஐவின் மேசையைத் தட்டினான்.
கையுறை மாட்டிக்கொண்டு
காலை ஆறு வரை செவுள் வெட்டினேன்.
என்னென்னவோ எண்ணினேன்.

விடிந்ததும் செய்தி:
ஊருக்கான ஓடை முப்பத்தாறாம் நிமிடத்தில் உறைந்துவிட்டது,
புயலில் கம்பி போய்விட்டது.
வட்டு நிறைந்துவிட்டது.
இருநூற்றுப் பன்னிரண்டு தோல்விகள் அதில்,
ஒன்றையும் அழிக்க மனசு வரவில்லையாம்.
உன்னிடம் இருக்கிறதா?
இருந்தது. அனுப்பினேன்.
நடுவர்கள் பார்த்தார்கள்: படம் மங்கல்,
சட்டகங்களை எண்ண முடியவில்லை, ஏற்பதற்கில்லை.

மாலையில்தான் அவன் ஒலியைக் கூட்டிக் கேட்டிருக்கிறான்.

"எத்தனை நாளாக இப்படி?"
"மார்ச்சிலிருந்து."
மூன்று புள்ளிகள் எழுந்தன, அடங்கின, எழுந்தன.
"அழித்துவிடு."
"சரி."

அழிக்கவில்லை.
கைப்பேசியில் ஒன்று.
ஆலை அலமாரியில், மாற்றுக் காலுறைக்குள்,
நகத்தளவு அட்டையில் இன்னொன்று.
அவனிடம் கற்றதுதான்.

பத்து நாள் முகவரி இருட்டாகவே கிடந்தது.
பதினொன்றாம் நாள், இரண்டே காலுக்கு,
ஹீட்டரின் முனகல்.
இருமினான்.
மஞ்சள் கோட்டுக்காரன் ஒரு படகிலிருந்து இறங்கினான்.
ஓ, படகில்தான் வருகிறானா.