தோராயமாக

வண்ணார்பேட்டை பைபாஸில் ஷோரூம்.
கண்ணாடிக் கதவைத் தள்ளினால் ஏசி,
பேப்பர் கப்பில் காபி,
டை கட்டிய இசக்கிராஜா.
"தோராயமா பதினொண்ணரை,
பதினொண்ணே முக்கா வரும்க்கா" என்றான்.

தோராயம் எனக்கு ஆகாத சொல்.
ஹைகிரவுண்டு ஆஸ்பத்திரியில்
இருபத்தோரு வருஷமாக
ஐநூறு மில்லி, நாலு மணி நேரம்,
நிமிஷத்துக்கு நாற்பத்திரண்டு சொட்டு என்று
அண்ணாந்து எண்ணுகிறவள்.
"ஒவ்வொரு வரியாப் போட்டுத் தா தம்பி" என்றேன்.
"எந்த வரிக்கா?" என்றான்.
எல்லா வரியும்தான்.

பிரிண்டர் இருமித் துப்பியது.
ஷோரூம் விலை ஒன்பது எண்பத்தேழு.
கீழே, தூத்துக்குடி பஸ்ஸில் ஏறிய குடும்பம்போல்
ஒருவர் மடியில் ஒருவராக:
ஆயுள் வரி, சாலைப் பாதுகாப்பு வரி,
பதிவுக் கட்டணம் அறுநூறு,
கடன்காரி என்று ஆர்.சி.யில் எழுத
ஆயிரத்து ஐநூறு,
நம்பர் பிளேட், ஃபாஸ்டாக், இன்சூரன்ஸ்.
கடைசியில், யார் கூட்டிவந்ததென்று
யாருக்கும் தெரியாத ஒரு சித்தப்பா:
ஹேண்ட்லிங் சார்ஜ், ஏழாயிரத்து ஐநூறு.

ஜெயசிங் அதற்குள் வேறு வண்டியில்
ஏறி உட்கார்ந்து மேலே பார்க்கிறார்.
கூரை திறக்கிறது.
வானத்துக்கு விலை இருபத்தேழாயிரம்தான்.
ஆனால் விலை பத்து லட்சம் என்கிற வரப்பைத் தாண்டிவிடும்.
வரப்புக்கு இந்தப் பக்கம் நூற்றுக்குப் பதின்மூன்று,
அந்தப் பக்கம் பதினெட்டு.
டிரிப் அட்டையின் பின்பக்கம் போட்டுப் பார்த்தேன்:
வானத்தைத் திறந்த குற்றத்துக்கு வரி மட்டும்
ஐம்பத்து நாலாயிரத்து இருநூற்றுப் பத்து கூடுதல்.
"சித்திரை வெயில்ல
அந்தக் கதவை நீங்க திறப்பியளா?"
இறங்கிவிட்டார்.
இறங்கும்போது கூரையை ஒருமுறை
கையால் தடவியதை
நான் பார்க்காததுபோல் இருந்தேன்.

"ஆயுள் வரின்னா யாரு ஆயுளுக்கு?"
"வண்டிக்குத்தான்க்கா. பதினஞ்சு வருஷம்.
ஒரே தடவை கட்டிட்டா நிம்மதி."

பதினைந்து.
வார்டில், படுக்கையைச் சுற்றி நிற்கிறவர்கள்
டாக்டரைத்தான் கேட்பார்கள்.
அவர் அடுத்த கட்டிலுக்கு நகர்ந்திருப்பார்.
கேள்வி என் பக்கம் திரும்பும்:
"தோராயமாச் சொல்லுங்க சிஸ்டர், எத்தன நாளு?"
நான் சொட்டைப் பார்ப்பேன்.
சொட்டு மட்டும் சரியாக விழும்.

இங்கே, நூறு கிலோமீட்டர்கூட ஓடாத ஒன்றுக்கு
முடிகிற தேதியை அச்சடித்து
முன்பணமும் வாங்கிக்கொள்கிறார்கள்.
அந்தத் தேதியில் நான்
ஓய்வு பெற்று ஒரு வருஷம் ஆகியிருக்கும்.
ஷெரினுக்கு இருபத்தொன்பது.
எழுபத்திரண்டில் ஆரம்பிக்கிற எங்கள் எண்ணைவிட்டு
எந்த ஊர் எண்ணில் ஓடிக்கொண்டிருப்பாளோ.
பெட்ரோல் விலை, ஜெயசிங்கின் சர்க்கரை,
என் இடது முட்டி.
இதற்கெல்லாம் காகிதத்தில் கட்டம் இல்லை.

பேனாவை எடுத்துச்
சித்தப்பாவை அடித்தேன்.
"எல்லாரும் கொடுக்காவ அக்கா."
"ரசீதுல என்னத்தக் கையாண்டீங்கன்னு எழுதித் தாங்க.
நானும் கொடுக்கேன்."
உள்ளே போனான், மேனேஜர் தலை எட்டிப் பார்த்தது,
திரும்பி வந்தான்.
சீல் வைத்த புதுக் காகிதத்தில்
சித்தப்பா இல்லை.
இசக்கிராஜாவின் முகமும் கொஞ்சம் இல்லை.
அவன் கமிஷனில் எத்தனை சொட்டு குறைந்ததோ,
அதை நான் கேட்கவில்லை.

பன்னிரண்டாம் நாள் வண்டி எடுத்தோம்.
சாவியைக் கொடுத்துவிட்டு, சட்டைப் பையிலிருந்து
நாலு எலுமிச்சை எடுத்துச்
சக்கரத்துக்கு ஒன்றாக வைத்தான்.
"நாங்க வேதக்காரங்க தம்பி,
ஞாயித்துக்கிழம சர்ச்சுல ஜெபம் இருக்கு" என்றேன்.
"இருக்கட்டும்க்கா. இது கணக்குல வராது."

ஜெயசிங் என்னைப் பார்த்தார்.
நான் கண்ணாடி வழியே பைபாஸைப் பார்த்தேன்.
முதல் கியர்.
நாலும் ஒரே நேரத்தில் நசுங்கவில்லை.
மூன்று சத்தம்தான் கேட்டது.