அறுப்புக்குழி

பத்திரத்தில் இந்த எஸ்டேட்டுக்கு
துரை மகளின் பெயர்.
அவள் ஏற்காட்டைக் கண்டதே இல்லையாம்.
பஸ் கண்டக்டர் மட்டும் இன்றைக்கும்
"அறுப்புக்குழி எறங்கு" என்கிறார்.

குப்பனூர்ப் பக்கமிருந்து
ஒன்பதடி வாளைத் தோள்மாற்றித் தோள்மாற்றி
இரண்டு பேர் ஏறி வந்தார்கள்,
சஞ்சீவியும் அவன் மச்சினன் தொப்ளானும்.
குடிசைக்கு முன்னால் குழி வெட்டினார்கள்,
ஆள் மறையும் ஆழம்.
குழிமேல் ஈட்டிமரம்.
மரத்தின்மேல் சஞ்சீவி, கோட்டைப் பார்த்தபடி.
கீழே தொப்ளான், கண்ணை மூடியபடி,
இமையெல்லாம் தூள்.

மேலாளுக்கு நாலணா. கீழாளுக்கு மூன்று.
தரைப்பலகையைப் பெயர்த்தபோது
கரையான் விட்டுவைத்த சம்பளப் புத்தகத்தில் பார்த்தேன்.
தொப்ளான் ஏதும் கேட்டதாக அதில் இல்லை.
ஐப்பசியில் அவனுக்கு ஒருநாள் கூலி பிடித்தம்,
காரணம் எழுதவில்லை.

அதற்குப் பிறகு அறுத்த பலகை ஒவ்வொன்றும்
ஒரு முனையில் இரண்டு நூல் மெலிவு.
மேலே நின்று பார்த்தால் கோடு நேர்தான்.

பங்களா இப்போது விடுதி.
கூடத்தில் கோலிக்குண்டை வைத்தால்
மேற்கு மூலைக்கு உருண்டுவிடும்.
தங்க வருகிறவர்கள் வீடியோ எடுக்கிறார்கள்.
"மண் எறங்கிடுச்சு, ஆசாரி,
கல்லு குடுத்துத் தூக்கிடலாமா?" என்றார் முதலாளி.

பலகையைத் தூக்கி
உத்திரத்தின்மேல் ரசமட்டம் வைத்தேன்.
குமிழி அசையாமல் நடுவில் நின்றது.

ஆமாம், மண்தான் என்றேன்.
கூலியில் பாதியைத் திருப்பிக் கொடுத்துவிட்டு
அதே பலகைகளை
அதே வரிசையில் அறைந்தேன்.