நூற்று எண்பத்தாறாம் தவணை

எட்டாந் தரப் பிள்ளைகளுக்கு
வட்டிக் கணக்குச் சொல்லிக்கொடுப்பவள் நான்.
முதல், வீதம், காலம் என்று
கரும்பலகையில் மூன்று தூண் நட்டு
மேலே ஒரு கோட்டையும் இழுத்துவிடுவேன், கூரை மாதிரி.
என் சொந்தக் கூரைக்குக் கையெழுத்து வைத்த அன்று மட்டும்
கணக்குப் போடவில்லை.

அன்று ஹட்டனில் நல்ல மழை.
வங்கிக் கண்ணாடிக்கு அந்தப் பக்கம்
பஸ் நிலையம் கரைந்துகொண்டிருந்தது.
"மாசம் முப்பத்தோராயிரத்து எண்பத்தெட்டு, டீச்சர்.
சம்பளத்திலேயே கழியும். போறதே தெரியாது" என்றார்
கடன் பிரிவு ரத்நாயக்க, என்னைவிட நல்ல தமிழில்.
பதினேழு இடத்தில் கையெழுத்து.
மதியழகன் ஈரக் குடையைப் பிடித்தபடி
பூசைக்குக் காத்திருப்பவன்போல் நின்றான்.

கொட்டகலையில் ஒன்பது பேர்ச்.
இரண்டு அறை, ஒரு குசினி,
ரயில் போனால் நடுங்கும் ஒரு ஜன்னல்.

நேற்றிரவு மகளுக்குக் காய்ச்சல்.
ஈரத்துணி மாற்றும் இடைவெளியில்
அந்த அட்டவணையை முதல்முறை வாசித்தேன்.
இருநூற்று நாற்பது வரி.
முதல் வரி:
வட்டி இருபத்தொன்பதாயிரத்து நூற்று அறுபத்தேழு.
கடனில் கழிந்தது ஆயிரத்துத் தொளாயிரத்து இருபத்தொன்று.

ஆயிரத்துத் தொளாயிரத்து இருபத்தொன்று.
ஒரு நல்ல கதவுப் பூட்டு வராது.
மாதம் முழுக்கத் தொண்டை கட்டக் கத்தி
நான் வாங்கியது
குளியலறைச் சுவரில் ஒரு கை சாந்து.
கொழுந்து நிறை குறைந்தால்
மலையில் அரைப்பேர் போடுவார்கள்.
இது அரைப்பேரும் இல்லை,
பதினாறில் ஒரு பேர்.

விரலை இறக்கிக்கொண்டே போனேன்.
முப்பதாவது வரிக்குள் மகள் பள்ளிக்கூடம் சேர்ந்தாள்.
நூற்றுப் பத்தோ என்னவோ, பெரியவளானாள்.
சாதாரண தரம் எழுதினாள். எனக்குக் கண்ணாடி மாறியது.
நூற்று எண்பத்தாறாம் வரியில்தான்
கடனில் பாதி தீர்கிறது.
அப்போது அவள் வாக்களிக்கும் வயதைத் தாண்டியிருப்பாள்.

கடைசித் தாளின் அடியில், சின்ன எழுத்தில்,
எழுபத்து நான்கு லட்சத்து அறுபத்தோராயிரம்.
வாங்கியது இருபத்தைந்து.
மூன்று வீட்டுக் காசு.
ஒன்றில் நாங்கள் படுத்திருக்கிறோம்.
மற்ற இரண்டும் எங்கே என்று
எழுந்து ஜன்னலைத் திறந்து பார்த்தேன்.
பனிமூட்டம்தான். அதற்குள் இருந்தாலும் இருக்கலாம்.
ரத்நாயக்கவைக் கோபிக்கவும் வரவில்லை,
அவருக்கும் கம்பளையில் ஒரு கடன் வீடு.
பேச்சோடு பேச்சாகச் சொல்லியிருந்தார்.

இரண்டு மணிக்கு
பிள்ளைகளின் கொப்பி திருத்தும் சிவப்புப் பேனையால்
என் கணக்கைத் திருத்த உட்கார்ந்தேன்.
மாதம் இன்னும் இரண்டாயிரம் கூடக் கட்டினால்
ஐம்பத்தாறு தவணை
அட்டவணையிலிருந்து உதிர்கிறது.
மூன்று தரம் போட்டேன். அதே விடை.

மதியழகனை உலுக்கினேன்.
"மாசம் ரெண்டாயிரம் புரட்ட முடியுமா?"
"எதுக்கு?"
"நாலே முக்கால் வருசம் வாங்க."
"வருசம் எந்தக் கடையில விக்கிது?" என்று
திரும்பிப் படுத்தான்.

விடிந்ததும், சோதித்தால் மகளுக்கு வேர்த்திருந்தது.
மேசையில் சீனிப் போத்தலுக்கடியில்
நான்கு ஐந்நூறு ரூபாய்த் தாள்,
மோட்டார்சைக்கிள் டயருக்குச் சேர்த்ததில் எடுத்தது.
"இந்த மாசத்துக்கு" என்றான்.
அடுத்த மாதத்தைப் பற்றி
அவனும் சொல்லவில்லை, நானும் கேட்கவில்லை.
மொட்டை டயரோடு இறக்கத்தில்
மெதுவாகத்தான் போனான்.

மூன்றாம் பாடம். வட்டி.
இன்று காலத்தை முதலில் எழுதினேன்.
டிலுக்சன் கையை உயர்த்தினான்.
"சூத்திரம் மாறிட்டா டீச்சர்?"
மாறவில்லை,
எந்த வரிசையில் பெருக்கினாலும்
விடை ஒன்றுதான் என்றேன்.
சரியான பதில்தான்.
அழிக்க மனமில்லாமல்
கொஞ்ச நேரம் நின்றேன், கையில் டஸ்டரோடு.